லண்டனைச் சுற்றிப் பார்க்கத் திறந்த மாடிப் பேருந்தா, நகரப் பேருந்தா, படகா?

லண்டனுக்கு முதன்முறையாக வரும் உறவினர்கள் விமானச் சீட்டு எடுத்த கையோடு என்னிடம் தவறாமல் கேட்பது, மேல்தளத்தில் கூரையில்லாத அந்தச் சுற்றுலாப் பேருந்தில் ஏறலாமா, கொடுக்கும் பணத்துக்கு அது தகுமா என்பதுதான். பல ஆண்டுகளாக இந்நகரில் வசித்து, வந்தவர்களை அழைத்துக்கொண்டு நான்கு முறை அந்தப் பேருந்தில் சுற்றியிருக்கிறேன். ஆயினும் ஒற்றைச் சொல்லில் விடை சொல்ல எனக்கு இயலவில்லை. யார் வருகிறார்கள், எத்தனை நாள் தங்குகிறார்கள், அவர்களுடைய முழங்கால் எப்படி இருக்கிறது, எந்த மாதத்தில் வருகிறார்கள் என்ற நான்கையும் கேட்டறிந்த பிறகே விடை சொல்கிறேன். விலையை அதற்கும் பிறகே கணக்கில் எடுக்கிறேன். ஏன் என்பதை விளக்கவே இதை எழுதுகிறேன்.

முதலில் விலையைச் சொல்லி முடித்துவிடலாம். சுற்றுலாப் பேருந்துக்கு ஒரு நாள், இரண்டு நாள் என்று காலக்கணக்கில் சீட்டு விற்கிறார்கள். 2025ஆம் ஆண்டு நிலவரப்படி பெரியவர் ஒருவருக்கு ஒரு நாள் சீட்டு பெரும்பாலும் 30 பவுண்டுக்கு மேல் ஆகிறது. குழந்தைகளுக்குச் சற்றுக் குறைவு. சில சீட்டுகளில் தேம்ஸ் நதியில் ஒரு படகுப் பயணமும் சேர்ந்தே வரும். நகரப் பேருந்தில், அதாவது லண்டன் மக்கள் அன்றாடம் வேலைக்குச் செல்லும் சிவப்பு மாடிப் பேருந்தில், அதே ஆண்டில் ஒரு பயணத்துக்கு 1.75 பவுண்டு, முதல் பேருந்தில் ஏறிய ஒரு மணி நேரத்துக்குள் எத்தனை பேருந்துகள் மாறி ஏறினாலும் அதே 1.75 பவுண்டுதான். அந்த ஆண்டில் நாள் முழுவதும் பேருந்துகளிலேயே சுற்றினாலும் 5.25 பவுண்டுக்கு மேல் பிடிக்கவில்லை. 11 வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்குக் கட்டணமே இல்லை. 2014 முதல் இந்தப் பேருந்துகளில் ரொக்கம் வாங்குவதில்லை. லண்டன் போக்குவரத்துக்கென்றே முன்பணம் ஏற்றிப் பயன்படுத்தும் ஆய்ஸ்டர் அட்டையையோ, தொட்டுக் காட்டும் வங்கி அட்டையையோதான் பயன்படுத்த வேண்டும். ஓர் அட்டையை வைத்து இருவர் பயணம் செய்ய முடியாது என்பதால் கணவன், மனைவி இருவருக்கும் தனித்தனி அட்டை தேவை. இந்தியாவிலிருந்து கொண்டுவரும் வங்கி அட்டையானால், ஒவ்வொரு முறையும் வெளிநாட்டுப் பரிவர்த்தனைக் கட்டணம் பிடிக்கப்படுமா என்பதை அங்கேயே வங்கியில் கேட்டுக்கொண்டு புறப்படுவது நல்லது.

இரண்டு பெரியவர்கள், எட்டும் பத்தும் வயதுடைய இரண்டு குழந்தைகள் கொண்ட ஒரு குடும்பம் நகரப் பேருந்தில் ஒரு நாள் முழுவதும் சுற்றினால் அந்தக் கட்டணப்படி 10.50 பவுண்டுக்குள் முடிந்துவிடும். அதே குடும்பம் சுற்றுலாப் பேருந்தில் ஏறினால் நூறு பவுண்டை நெருங்கலாம். இந்த வேறுபாட்டை மட்டும் பார்த்துவிட்டு, சுற்றுலாப் பேருந்து ஏமாற்று வேலை என்று முடிவுகட்டுவோர் பலர். அது சரியான முடிவு அன்று என்பது என் கருத்து. அந்தச் சீட்டுக்கு நாம் கொடுக்கும் பணம் ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குப் போவதற்கான கட்டணம் அல்ல. வழி தேடாமல், எண் பார்க்காமல், கைபேசியைத் தடவாமல், நகரத்தின் தலைமையான காட்சிகள் எல்லாம் ஓர் ஒழுங்கில் தாமாகவே கண்முன் வந்து நிற்பதற்கும், தலைக்கு மேல் தகடோ கண்ணாடியோ இல்லாத ஓர் இருக்கைக்கும் கொடுக்கும் விலை அது. அது வேண்டுமா என்பதே கேள்வி.

கூரையில்லாத பேருந்து சுற்றுலாப் பயணிகளுக்காகப் புதிதாகக் கண்டுபிடிக்கப்பட்டது என்று பலர் எண்ணுகிறார்கள். லண்டனில் முதல் ஆம்னிபஸ், அதாவது அக்காலத்துப் பேருந்து, 1829ஆம் ஆண்டு ஜூலை 4ஆம் தேதி பேடிங்டனிலிருந்து பேங்க் வரை குதிரைகள் இழுக்க ஓடியது. ஜார்ஜ் ஷில்லிபியர் என்பவர் அதை நடத்தினார். பிற்பாடு வண்டியின் மேல் இருக்கைகள் வந்தபோதும், அதன் பின் மோட்டார்ப் பேருந்துகள் வந்தபோதும், மேல்தளம் திறந்தவெளியாகவே இருந்தது. மாடிப் பேருந்துக்குக் கூரை போடக் காவல் துறை 1925வரை இசையவில்லை. ஆக, கிட்டத்தட்ட மூன்று தலைமுறை லண்டன் மக்கள் மழையிலும் வெயிலிலும் திறந்த மாடியில் அமர்ந்தே வேலைக்குப் போயிருக்கிறார்கள். சாலையின் இருமருங்கிலும் உள்ள பழைய வங்கிகளின், கடைகளின் முகப்புகளை இன்று மேல்தளத்திலிருந்து பார்க்கும்போது, தரையில் நடப்பவர் கண்ணில் படாத உயரத்தில் சிற்பங்களும் மணிக்கூண்டுகளும் பெயர் பொறித்த கற்பலகைகளும் வரிசையாகத் தெரிவதைக் காண்கிறேன். அந்த உயரத்தில் அமர்ந்து பார்ப்பது இந்நகரத்தின் பழைய வழக்கங்களுள் ஒன்று என்ற நினைவு, சுற்றுலாப் பேருந்தின் மீது எனக்கிருந்த தயக்கத்தைக் குறைத்தது.

என் அம்மா அக்டோபர் மாதத்தில் வந்திருந்தபோதுதான் அந்தப் பேருந்தை எப்படிப் பயன்படுத்த வேண்டும் என்பது எனக்குப் பிடிபட்டது. அம்மாவுக்கு முழங்கால் வலி உண்டு. மேல்தளத்துக்குச் செல்லும் படிகள் குறுகலானவை. திரும்பித் திரும்பி ஏற வேண்டும். வண்டி நகரத் தொடங்கிவிட்டால் கைப்பிடியை இறுகப் பற்றிக்கொள்ள வேண்டும். எப்படியோ ஏறி அமர்ந்த அம்மா, முதல் நிறுத்தத்தில் இறங்கலாமா என்று நான் கேட்டபோது, இறங்கினால் மறுபடியும் இந்தப் படியில் ஏற வேண்டுமல்லவா, இங்கேயே இருந்துவிடுகிறேன் என்று சொல்லிவிட்டார். எங்கு வேண்டுமானாலும் ஏறி இறங்கலாம் என்பதற்காகப் பணம் கொடுத்துவிட்டு, எங்குமே இறங்காமல் சுற்றுவதா என்று எனக்கு முதலில் மனம் ஒப்பவில்லை. ஆனால் இரண்டரை மணி நேரத்தில் ஒரு வட்டம் முழுவதையும் அமர்ந்தபடியே பார்த்து முடித்த அம்மா, அன்று இரவு நகரத்தின் அமைப்பை என் தம்பிக்குத் தொலைபேசியில் வழி பிசகாமல் விவரித்தார். நதி எங்கே வளைகிறது, நாடாளுமன்றத்துக்கும் டவர் ஆஃப் லண்டன் எனப்படும் கோபுரக் கோட்டைக்கும் இடையே என்னென்ன இருக்கின்றன என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடமாகியிருந்தது. மறுநாள் எங்கே போகலாம் என்று நான் கேட்டபோது, அவரே இரண்டு இடங்களைத் தேர்ந்து சொன்னார்.

அதன் பிறகு எல்லோருக்கும் நான் சொல்வது இதுதான்: சுற்றுலாப் பேருந்தில் ஏறுவதானால் இறங்காதீர்கள். நகரத்தை ஒரு முறை முழுமையாகக் கண்ணோட்டமிடுவதற்கு அது தக்க ஊர்தி. ஆனால் போக்குவரத்துச் சாதனமாக அது மிகவும் பலவீனமானது. ஒரே திசையில் சுற்றும் வட்டம் என்பதால், கடந்துவந்த முந்தைய நிறுத்தத்துக்குத் திரும்ப வேண்டுமானால் நகரம் முழுவதையும் சுற்றித்தான் வர வேண்டும். ஒரு முறை என் தங்கையின் குடும்பத்தோடு கோபுரக் கோட்டைக்கு அருகில் இறங்கி, உள்ளே போய்ப் பார்த்துவிட்டு வந்து நின்றபோது, அடுத்த வண்டிக்கு நாற்பத்தைந்து நிமிடம் தூறலில் காத்திருந்தோம். வந்த வண்டியில் மேல்தளம் நிரம்பியிருந்ததால் கீழே கண்ணாடிக்குள் அமர்ந்து வர நேர்ந்தது. கீழ்தளத்தில் அமர்ந்துவிட்டால் அந்தச் சீட்டுக்குக் கொடுத்த பணத்தில் பெரும்பகுதி வீண். மாலையில் ஐந்து, ஆறு மணிக்குள் பல வட்டங்களின் கடைசி வண்டி போய்விடுகிறது என்பதையும் நினைவில் கொள்ள வேண்டும். மதியம் இரண்டு மணிக்குச் சீட்டு வாங்குவோர் பாதிப் பலனையே பெறுகிறார்கள்.

விளக்கவுரையைப் பற்றியும் ஒரு சொல். சில வண்டிகளில் காதுக்குழாய் வழியே பதிவுசெய்த உரை பல மொழிகளில் ஓடும்; சிலவற்றில் வழிகாட்டி ஒருவர் நேரில் நின்று ஆங்கிலத்தில் பேசுவார். ஆங்கிலம் ஓரளவு புரியுமானால் நேரில் பேசுபவர் உள்ள வண்டிக்காகப் பத்து நிமிடம் காத்திருப்பதிலும் தவறில்லை. பதிவுசெய்த உரை நெரிசலில் வண்டி நின்றுவிட்டால் அதுவும் நின்று இசையை ஒலிக்கத் தொடங்கிவிடும். வழிகாட்டியோ அந்த நெரிசலையே வாய்ப்பாகக் கொண்டு, நின்ற இடத்துக்கு எதிரே உள்ள கட்டடத்தின் கதையைச் சொல்வார்.

இனி நகரப் பேருந்துக்கு வருகிறேன். இதைச் சற்று விரிவாகவே சொல்ல விரும்புகிறேன். ஏனெனில் லண்டனில் உள்ள அளவுக்குச் சுற்றுலாப் பேருந்துக்கு ஈடுகொடுக்கும் சாதாரணப் பேருந்து வேறு ஐரோப்பியத் தலைநகரங்களில் அரிது. பாரிஸிலும் ரோமிலும் அன்றாடப் பேருந்துகளுக்கு மாடி கிடையாது. லண்டனில் மாடியும் உண்டு, அதன் முன்வரிசையில் ஓட்டுநரின் தலைக்கு மேலே அகன்ற கண்ணாடியும் உண்டு. டப்ளின், பெர்லின் போன்ற சில நகரங்களில்தான் இதற்கு ஒத்த வசதியைச் சொல்லலாம்.

15ஆம் எண் பேருந்தை எடுத்துக்கொள்ளுங்கள். டிராஃபல்கர் சதுக்கத்துக்கு அருகில் ஏறி, மேல்தளத்தின் முன்வரிசையில் வலப்பக்கம் இடம் கிடைத்துவிட்டால், அடுத்த அரைமணி நேரத்துக்கு அதைவிட நல்ல இருக்கை நகரத்தில் இல்லை. வண்டி ஸ்டிராண்ட் சாலையில் கிழக்கு நோக்கிச் சென்று, ஆல்ட்விச் வளைவைச் சுற்றிக்கொண்டு, 1882இல் திறக்கப்பட்ட நீதிமன்றத்தின் கூர்முனைக் கோபுரங்களைக் கடக்கும்போது, சாலை நடுவே ஒரு தூணின் மேல் டிராகன் சிலை ஒன்று நிற்கும். வெஸ்ட்மின்ஸ்டர் முடிந்து, பழைய நகரமான சிட்டி தொடங்கும் எல்லை அது. அங்கிருந்து ஃப்ளீட் ஸ்டிரீட். ஒரு காலத்தில் இங்கிலாந்தின் நாளிதழ்கள் பல அச்சான தெரு. தெரு மெல்லச் சரிந்து இறங்க, எதிரே லட்கேட் மேட்டின் உச்சியில் செயின்ட் பால் பேராலயத்தின் குவிமாடம் எழும். 1666இல் ஏற்பட்ட பெருந்தீயில் பழைய ஆலயம் அழிந்த பின் கிறிஸ்டோபர் ரென் கட்டியது இது. 1675இல் தொடங்கி 1710இல் முடிந்தது. சிலுவையின் உச்சி வரை 111 மீட்டர்.

இந்த ஒரு காட்சிக்காக நகரம் எவ்வளவு விட்டுக்கொடுத்திருக்கிறது என்பதை அறிந்து பார்த்தால் அது இன்னும் அழகாகத் தோன்றும். குவிமாடத்தை மறைக்கும் உயரத்தில் சுற்றுப்புறத்தில் கட்டடம் எழாதிருக்க 1930களிலேயே கட்டுப்பாடு வந்துவிட்டது. லெடன்ஹால் தெருவில் 2014இல் கட்டி முடிக்கப்பட்ட 225 மீட்டர் உயரக் கண்ணாடிக் கட்டடம் ஒரு பக்கமாகச் சாய்ந்து மேலே ஒடுங்கிப் போவதும் இதே காரணத்தால்தான்: நேராக எழுந்திருந்தால், ஃப்ளீட் ஸ்டிரீட்டிலிருந்து பார்ப்பவருக்குக் குவிமாடத்தின் பின்னால் அது துருத்திக்கொண்டு தெரிந்திருக்கும். அந்தத் தெருவில், அந்தத் திசையில், நகரப் பேருந்துக் கட்டணம் மட்டும் கொடுத்த நாமும் அமர்ந்து போகிறோம். பேருந்து பேராலயத்தின் தெற்குச் சுவரை உரசுவதுபோல் கடந்து, கேனன் ஸ்டிரீட் வழியே சென்று, பெருந்தீ நினைவுத் தூண் நிற்கும் சிறு தெருவை வலப்பக்கம் விட்டு, கோபுரக் கோட்டையின் எதிரே நம்மை இறக்கிவிடும். அங்கே இறங்குவதற்கும் ஏறியதற்கும் இடையே பெரும்பாலும் ஒரு மணி நேரம்கூட ஆகியிராது என்பதால், அதே கட்டணத்தில் 78ஆம் எண் பேருந்தில் மாறி ஏறி, கப்பல்களுக்கு வழிவிட நடுவே திறந்து உயரும் டவர் பாலத்தைக் கடந்துவிடலாம்.

78ஆம் எண்ணை நான் சொல்வதற்கு வேறொரு காரணமும் உண்டு. 1952 டிசம்பரில் இதே தடத்தில் ஆல்பர்ட் கன்டர் என்னும் ஓட்டுநர் பாலத்தின் மேல் சென்றுகொண்டிருந்தபோது, எச்சரிக்கை மணி ஒலிக்காமல் பாலம் திறக்கத் தொடங்கிவிட்டது. நிறுத்தினால் வண்டி ஆற்றில் விழும் என்று கண்ட அவர், வேகத்தைக் கூட்டி இடைவெளியைத் தாண்டி மறுபக்கத்தில் பேருந்தை இறக்கினார். பயணிகள் உயிர் பிழைத்தார்கள். அவருக்கு 10 பவுண்டு பரிசளித்தார்கள். அந்தத் தடம் இன்றும் அதே எண்ணோடு அதே பாலத்தின் மேல் ஓடுகிறது. குழந்தைகளை அழைத்துச் செல்வோர் பாலத்தில் ஏறும்போது இந்தக் கதையைச் சொல்லிப் பாருங்கள். காதுக்குழாயில் கேட்கும் எந்த உரையையும் விட அது அவர்கள் மனத்தில் நிற்கும்.

மேற்குப் பகுதிக்கு 9ஆம் எண் போதும். டிராஃபல்கர் சதுக்கத்திலிருந்து பிக்காடிலி, ஹைட் பார்க் கார்னர் வழியாகச் சென்று, வலப்பக்கம் பூங்காவும் இடப்பக்கம் 1871இல் திறக்கப்பட்ட ராயல் ஆல்பர்ட் அரங்கமும் வர, கென்சிங்டன் நோக்கிப் போகும். நாடாளுமன்றத்திலிருந்து வைட்ஹால் வழியே வடக்கே போக 24ஆம் எண். இந்தத் தடம் 1912 முதல் பெரிய மாற்றமில்லாமல் ஓடிவருகிறது. பக்கிங்ஹாம் அரண்மனையின் முகப்பு வழியே மட்டும் எந்த நகரப் பேருந்தும் செல்வதில்லை. விக்டோரியாவில் இறங்கிப் பத்து நிமிடம் நடக்க வேண்டும்.

ஆனால் நகரப் பேருந்தின் குறைகளை மறைப்பது நியாயமாகாது. முன்வரிசை இருக்கை கிடைக்கும் என்பதற்கு எந்த உறுதியும் இல்லை. காலை எட்டு முதல் ஒன்பதரை வரையும் மாலை ஐந்துக்குப் பிறகும் அலுவலகம் செல்வோர் நெரிசலில், பார்க்க வந்தவருக்கு நிற்கவே இடம் கிடைப்பது அரிது. குளிர்காலத்தில் கண்ணாடியில் மூச்சுப்புகை படிந்து வெளியே ஒன்றும் தெரியாது. சாலைப் பணி நடந்தால் வண்டி வேறு வழியில் திருப்பிவிடப்படும். ஊர் தெரியாதவருக்கு அது கலக்கத்தைத் தரும். கண்ணாடி வழியே எடுக்கும் படங்களில் உள்விளக்கின் பிரதிபலிப்பு விழும். எல்லாவற்றுக்கும் மேலாக, தன் முன்னால் போவது எந்தக் கட்டடம் என்று சொல்ல ஆளில்லாவிட்டால், செயின்ட் பால் பேராலயத்தைத் தவிர மற்றவை எல்லாம் சாம்பல் நிறக் கல் வரிசையாகவே தோன்றும். உடன் வழிகாட்ட நகரம் அறிந்த ஒருவர் இருந்தால் மட்டுமே நகரப் பேருந்து சுற்றுலாப் பேருந்தை வெல்லும். அல்லது முந்தின நாள் இரவு வரைபடத்தோடு ஒரு மணி நேரம் அமர்ந்து படித்துக்கொள்ளும் பொறுமை வேண்டும்.

படி ஏற முடியாதவர்களுக்கு இரண்டு பேருந்துகளும் ஏறத்தாழ ஒன்றுதான், ஏனெனில் இரண்டிலும் காட்சி மேலே இருக்கிறது. நகரப் பேருந்துகள் அனைத்தும் தாழ்தளம் உடையவை. சக்கர நாற்காலிக்குச் சாய்தளம் நீட்டுவார்கள். ஆனால் அதில் வருபவர் கீழ்தளத்திலேயே இருக்க வேண்டும். அவர்களை மனத்தில் வைத்துத்தான் படகைச் சொல்கிறேன். படகில் படி இல்லாத இருக்கையிலிருந்தே காட்சி முழுவதும் தெரியும்.

லண்டனின் பழைய நெடுஞ்சாலை தேம்ஸ் நதிதான். கோபுரக் கோட்டையும் நாடாளுமன்றமும் சாமர்செட் மாளிகையும் நதியைப் பார்த்து எழுந்தவை. தெருவிலிருந்து பார்க்கும்போது அவற்றின் முதுகையோ விலாவையோதான் பெரும்பாலும் காண்கிறோம். வெஸ்ட்மின்ஸ்டர் துறையில் ஏறி கிழக்கே போனால், இடப்புறம் விக்டோரியா கரைச்சாலையின் நீண்ட கல்மதில் வரும். 1858இல் நதியின் துர்நாற்றம் நாடாளுமன்றத்தையே திணறடித்த பிறகு, ஜோசப் பேசல்ஜெட் என்னும் பொறியாளர் கழிவுநீர்ப் பெருங்கால்வாயை உள்ளே வைத்து, நதியைக் குறுக்கிக் கட்டிய கரை அது, 1870இல் முடிந்தது. வலப்புறம் பழைய மின் நிலையத்தில் அமைந்த டேட் மாடர்ன் கலைக்கூடம், 1997இல் திறந்த குளோப் நாடக அரங்கு. பிறகு டவர் பாலத்தின் அடியில் படகு நுழையும்போது, 1894இல் கட்டிய அந்த இரும்புத் தட்டுகளின் அடிப்பாகத்தை அண்ணாந்து பார்க்கலாம். பேருந்தில் அதன் மேல் போகிறவர்களுக்கு அது கிட்டாது. கிரீனிச் வரை போனால், ரென் வகுத்த கடற்படை மாளிகை இரண்டாகப் பிரிந்து நடுவே குன்றைக் காட்டி நிற்பதை நீர்மட்டத்திலிருந்து பார்க்கலாம். அதைப் பார்ப்பதற்குரிய இடமே நதிதான். சுற்றுலாப் பேருந்து வட்டங்கள் பெரும்பாலும் கிழக்கில் கோபுரக் கோட்டையோடு நின்று திரும்பிவிடுகின்றன.

படகிலும் இரண்டு வகை உண்டு. ஆய்ஸ்டர் அட்டையையும் வங்கி அட்டையையும் ஏற்றுக்கொள்ளும் விரைவுப் படகுகள் வேலைக்குச் செல்வோருக்காக ஓடுபவை, விளக்கவுரை கிடையாது, பின்புறம் சிறு திறந்த தளம் மட்டும் இருக்கும். அவற்றின் கட்டணம் நகரப் பேருந்தைப்போல் பல மடங்கு. பேருந்தின் நாள் உச்சவரம்பிலும் அது சேராது. மற்றொன்று மெதுவாகச் செல்லும் சுற்றுலாப் படகு; அதில் விளக்கவுரையும் பெரிய திறந்த மேல்தளமும் உண்டு. வேகம் வேண்டாதவர்கள் இரண்டாவதையே தேர்வது நல்லது. கவனிக்க வேண்டிய ஒன்று ஏற்றவற்றம். தேம்ஸ் நதியில் லண்டன் நடுவிலேயே நீர்மட்டம் சில நாட்களில் 7 மீட்டர் வரை ஏறி இறங்கும். வற்றம் மிகுந்த நேரத்தில் துறைக்கு இறங்கும் சாய்பாலம் செங்குத்தாகிவிடும். சக்கர நாற்காலியைத் தள்ளுவோருக்கும் முழங்கால் வலி உள்ளவர்களுக்கும் அது கடினம். மேலும் கரைகள் உயர்ந்து நிற்பதால், காட்சியில் பாதி மதிலாகிவிடும். அன்றைய ஏற்ற நேரத்தைப் பார்த்து, அதை ஒட்டிப் புறப்பட்டால் இரண்டு தொல்லையும் இராது. நதியிலிருந்து பிக்காடிலி, ஆக்ஸ்ஃபோர்டு ஸ்டிரீட், பூங்காக்கள் எதுவும் தெரியாது என்பது படகின் பெருங்குறை.

சுரங்க ரயிலைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. விரைவாகப் போகலாம், ஒன்றும் தெரியாது. ஹாரி பெக் வரைந்து 1933இல் வெளிவந்த அதன் வரைபடம் நிலையங்களுக்கிடையே உள்ள உண்மைத் தொலைவைக் காட்டுவதில்லை என்பதால், லெஸ்டர் ஸ்கொயரிலிருந்து கோவென்ட் கார்டனுக்கு, ஐந்து நிமிடத்தில் நடந்துபோகக்கூடிய தொலைவுக்கு, முழுக் கட்டணம் கொடுத்துப் படியிறங்கி ஏறும் புதியவர்களைத் தினமும் பார்க்கலாம். நடப்பவர்களுக்கு வெஸ்ட்மின்ஸ்டர் பாலத்திலிருந்து டவர் பாலம் வரை தென்கரையில் 4 கிலோமீட்டருக்குச் சற்று மேற்பட்ட நடை இருக்கிறது. வண்டித் தொல்லை இல்லாத, கட்டணம் இல்லாத, நகரத்தின் மிகச் சிறந்த வழி அது. நடக்க முடிகிறவர்கள் வேறு எதைத் தேர்ந்தாலும் இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

காலநிலையை வைத்தும் முடிவு மாறும். ஜூன் மாதத்தில் ஒன்பது மணிக்குப் பிறகே சூரியன் மறைகிறது; டிசம்பரில் நான்கு மணிக்கு முன்பே இருட்டிவிடும். மே முதல் செப்டம்பர் வரை திறந்த மாடி இனிமையானது. அப்போதும் ஒரு மெல்லிய குளிர்ச்சட்டை வேண்டும், நகரும் வண்டியில் காற்று தரையில் உள்ளதைவிடக் கூர்மையாக வீசும். நவம்பர் முதல் மார்ச் வரை பகலில் நான் யாரையும் அதில் ஏற்றமாட்டேன். ஒரே விதிவிலக்கு டிசம்பர் மாலை: ரீஜென்ட் ஸ்டிரீட்டின் அலங்கார விளக்குகள் சாலையின் குறுக்கே தலைக்கு மேல் தொங்குகின்றன, அவற்றின் அடியில் கூரையின்றிப் போவதற்காகக் குளிரைப் பொறுக்கலாம். கோடையில் சாலையோர பிளேன் மரங்களின் கிளைகள் மேல்தளத்தின் ஓரத்தை உரசிச் செல்லும். குழந்தைகளை ஓர இருக்கையில் எழுந்து நிற்க விடக்கூடாது.

பாரிஸிலிருந்து காலை யூரோஸ்டார் ரயிலில் வந்து இரவே திரும்பும் உறவினர்கள் எங்களுக்கு உண்டு. ஒரே நாள் உள்ள அவர்களுக்குச் சுற்றுலாப் பேருந்தையே சொல்கிறேன்: காலையில் முதல் வண்டிகளில் ஒன்றில் ஏறி, இறங்காமல் ஒரு வட்டம், பிறகு படகிலோ தென்கரை நடையிலோ மீதி நாள். ஞாயிற்றுக்கிழமை காலையானால் மிக நல்லது, சிட்டியின் அலுவலகங்கள் மூடிக்கிடக்கத் தெருக்கள் ஓய்ந்திருக்கும். மூன்று நாளோ அதற்கு மேலோ தங்குவோருக்கும், உடன் ஊர் தெரிந்த ஒருவர் இருப்போருக்கும், அந்தப் பணத்தை மிச்சப்படுத்தச் சொல்கிறேன். 15, 9, 78 ஆகிய மூன்றும் ஒரு படகும் போதும். மிச்சமான தொகையில் கோபுரக் கோட்டைக்கோ பேராலயத்தின் உச்சிக்கோ நுழைவுச்சீட்டு வாங்கலாம். சிறு குழந்தைகள் உள்ள குடும்பங்களுக்கும் நகரப் பேருந்தே ஏற்றது. அழத் தொடங்கினால் அடுத்த நிறுத்தத்தில் இறங்கிவிடலாம், எதுவும் வீணாகாது.

அம்மா வரும் மே மாதம் மீண்டும் வருகிறார். முழங்கால் முன்னைவிட மோசமாகியிருக்கிறது; மேல்தளத்தை இந்த முறை நாங்கள் நினைக்கவே இல்லை. வெஸ்ட்மின்ஸ்டர் துறையிலிருந்து சுற்றுலாப் படகில் கிரீனிச் வரை போவது என்று முடிவு செய்திருக்கிறோம். நீரேற்றம் எத்தனை மணிக்கு என்று பார்த்துத்தான் எந்த நாள் என்பதைக் குறிக்கப் போகிறேன்.